பதவி உயர்வு விதிகளும் அரசியலமைப்பின் சமன்மை நெறியும்

முன்னுரை

ஒருவரை ஆராய்ந்து தேர்ந்தெடுப்பது ஒரு செயல். தேர்ந்தெடுத்தவரை அவர் ஆற்றலுக்கேற்ற இடத்தில் அமர்த்துவது மற்றொரு செயல். வள்ளுவப் பெருந்தகை இவ்விரண்டையும் தெரிந்துதெளிதல், தெரிந்துவினையாடல் என இரு தனி அதிகாரங்களாக வைத்தமை ஈண்டு நினைக்கத்தக்கது. இக்கால அரசு நிருவாகத்தில் முன்னதைப் பணி நியமனம் என்றும், பின்னதன் ஒரு பகுதியைப் பதவி உயர்வு என்றும் வழங்குகிறோம். பணி நியமனத்திற்குப் போட்டியிடுவோர் ஒருவரையொருவர் அறியாதவர்கள். பதவி உயர்விலோ, ஒரே அலுவலகத்தில் அடுத்தடுத்த மேசைகளில் ஆண்டுக்கணக்கில் உடனிருந்து உழைத்தவர்களே போட்டியாளர்களாகி விடுகின்றனர். பட்டியலில் ஓர் எண் முன்னும் பின்னுமாவது ஒருவருடைய ஊதியத்தையும் ஓய்வூதியத்தையும் மட்டுமன்றி, அவர் தம் வாழ்நாள் உழைப்புக்குக் கிடைத்த மதிப்பாகக் கருதுவதையும் மாற்றிவிடுகிறது. பதவி உயர்வு விதிகளை எதிர்த்து எழுந்த வழக்குகள் எண்ணிறந்தனவாக இருப்பதற்கு இதுவே காரணமாகும்.

இவ்வழக்குகளின் வாயிலாக இந்திய அரசியலமைப்பின் சமன்மை நெறி எவ்வாறு விளக்கம் பெற்று வளர்ந்தது என்பதையும், ஒரு விதி நீதிமன்றத்தின் முன் நிலைப்பதற்கும் வீழ்வதற்கும் உரிய காரணம் யாது என்பதையும் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பதவி உயர்வு உரிமையா?

அரசுப் பணியாளரின் பணி நிபந்தனைகளை வகுக்கும் அதிகாரம் அரசியலமைப்பின் 309ஆம் பிரிவிலிருந்து பிறக்கிறது. சட்டமன்றமோ நாடாளுமன்றமோ இதற்கெனச் சட்டம் இயற்றலாம்; அவ்வாறு இயற்றப்படும் வரை குடியரசுத் தலைவரோ ஆளுநரோ விதிகள் வகுக்கலாம். ஆயின் இவ்வதிகாரம் கட்டற்றதன்று. சட்டத்தின் முன் அனைவரும் சமம் எனும் 14ஆம் பிரிவும், அரசு வேலைவாய்ப்பில் சமவாய்ப்பு வழங்கும் 16(1)ஆம் பிரிவும் அதற்கு வரம்பு கட்டுகின்றன. சமயம், இனம், சாதி, பால், மரபு, பிறப்பிடம், வாழிடம் ஆகியவற்றை மட்டுமே காரணமாகக் கொண்டு வேறுபாடு காட்டுவதை 16(2)ஆம் பிரிவு தடுக்கிறது. அரசுப் பணிகளில் போதிய அளவு இடம்பெறாத பிற்பட்ட வகுப்பினர்க்கு இட ஒதுக்கீடு செய்ய 16(4)ஆம் பிரிவு வழிவகுக்கிறது. பட்டியல் சாதியினர், பழங்குடியினர் ஆகியோரின் உரிமைக் கோரிக்கைகளை நிருவாகத் திறனுக்கு இசைந்த வகையில் கருத்தில் கொள்ள வேண்டும் என்பது 335ஆம் பிரிவின் கருத்தாகும்.

ரோஷன்லால் தாண்டன் வழக்கில் 1967ஆம் ஆண்டு உச்சநீதிமன்றம் ஓர் அடிப்படையை நிறுவியது. அரசுப்பணி ஓர் ஒப்பந்தமாகத் தொடங்கினும், பணியேற்றபின் அது ஒரு தகுநிலையாகி விடுகிறது. அதன் நிபந்தனைகளை அரசு தானாகவே மாற்றியமைக்கலாம் என்பதே அது. எனவே, 'நான் பணியில் சேர்ந்தபோது இருந்த விதியை மாற்றிவிட்டார்கள்' என்பது மட்டும் வழக்காகாது. மாற்றப்பட்ட விதி சமன்மை நெறியை மீறுகிறது என்று காட்டினால்தான் வழக்கு நிற்கும்.

அடுத்து, முகம்மது சுஜாத் அலி வழக்கில் 1974ஆம் ஆண்டு மற்றொரு நுட்பமான வேறுபாடு உறுதிசெய்யப்பட்டது. பதவி உயர்வு கிடைப்பதற்கான வாய்ப்பு குறைந்தது என்பது பணி நிபந்தனையின் மீறலாகாது. ஆனால் பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படும் உரிமை ஒரு பணி நிபந்தனையாகும். 1999ஆம் ஆண்டின் அஜித் சிங் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதை மேலும் உயர்த்தி, தகுதியுடைய பணியாளர் பரிசீலிக்கப்படுவது 16(1)ஆம் பிரிவின்கீழ் அமைந்த அடிப்படை உரிமை என்றே உரைத்தது.

பதவி உயர்வு பெறுவது உரிமையன்று. அதற்கு நேர்மையாகப் பரிசீலிக்கப்படுவது உரிமை. இந்த ஒரு வாக்கியத்தை மனத்திற்கொண்டால் பின்வரும் வழக்குகள் அனைத்தும் எளிதில் விளங்கும்.

விதிகளை உரசிப் பார்த்த உரைகல்

எல்லாரையும் ஒன்றுபோல் நடத்துவதே சமன்மை என்று கொண்டால் எந்த விதியும் வகுக்க இயலாது. ஆகவே வகைப்படுத்துதல் ஏற்கப்படுகிறது. ஆனால் அவ்வகைப்பாட்டிற்கும் அடையக் கருதும் நோக்கத்திற்கும் பொருத்தமான தொடர்பு இருத்தல் வேண்டும். சம்மு காசுமீர் மாநிலப் பொறியியல் பணியில் செயற்பொறியாளர் பதவி உயர்வைப் பட்டம் பெற்றவர்க்கு மட்டும் உரியதாக்கிய விதியைப் பட்டயம் பெற்ற உதவிப் பொறியாளர்கள் எதிர்த்தனர். திரிலோகி நாத் கோசா வழக்கு என அறியப்படும் அதில், உயர்கல்வித் தகுதிக்கும் உயர்பதவியின் பொறுப்புக்கும் தொடர்புண்டு என்று கூறி உச்சநீதிமன்றம் அவ்விதியை ஏற்றது. எனினும் மிகச் சிறிய வேற்றுமைகளைக் காட்டிப் பிரித்துக்கொண்டே சென்றால் சமன்மை என்பதே பொருளற்றுப் போய்விடும் என்ற எச்சரிக்கையும் அத்தீர்ப்பில் உண்டு.

பால் அடிப்படையிலான விதி இவ்வுரைகல்லில் தேறவில்லை. 1949ஆம் ஆண்டு இந்திய வெளியுறவுப் பணியில் சேர்ந்த முதற்பெண்மணியான சி. பி. முத்தம்மா, தமக்கு முதல்நிலைப் பதவி உயர்வு மறுக்கப்பட்டதை எதிர்த்து உச்சநீதிமன்றத்தை நாடினார். பெண் அலுவலர் திருமணத்திற்கு முன் அரசின் எழுத்து வழி அனுமதி பெற வேண்டும் என்றும், குடும்பப் பொறுப்பு பணிக்கு இடையூறாகும் என அரசு கருதினால் பணியைத் துறக்கச் செய்யலாம் என்றும் 1961ஆம் ஆண்டு விதி கூறியது. மணமான பெண் இப்பணியில் நியமனத்தை உரிமையாகக் கோர முடியாது என்றது மற்றொரு விதி. ஆண்களுக்கு இத்தகைய கட்டுப்பாடு எதுவுமில்லை. வழக்கு நடைபெறும்போதே முத்தம்மாவுக்குப் பதவி உயர்வும் வழங்கப்பட்டது. ஆயினும் 1979ஆம் ஆண்டில் நீதிபதி வி. ஆர். கிருஷ்ண அய்யர் எழுதிய தீர்ப்பு, அவர் இழந்த பணிமூப்பை மீளாய்வு செய்யவும், பால்வேற்றுமையின் கறை படிந்த பணி விதிகள் அனைத்தையும் சீர்செய்யவும் அரசுக்கு அறிவுறுத்தியது.

விதியின் எழுத்தில் குறையில்லாவிடினும் அது செயற்படும் முறையில் குறை நேரலாம். எல்லைச் சாலைப் பொறியியல் பணியைச் சேர்ந்த தேவ் தத் என்பாரின் வழக்கு இதற்குச் சான்று. செயற்பொறியாளராயிருந்த அவர் கண்காணிப்புப் பொறியாளராக உயர, ஐந்து ஆண்டு மந்தண அறிக்கைகளிலும் 'மிக நன்று' எனும் மதிப்பீடு தேவைப்பட்டது. ஓராண்டில் மட்டும் 'நன்று' என எழுதப்பட்டிருந்தது. அது பழிச்சொல் அன்று. ஆதலால் அவருக்குத் தெரிவிக்கப்படவுமில்லை. ஆனால் அந்த ஒரு சொல்லே அவருடைய உயர்வைத் தடுத்தது. இளையவர் மேலே சென்றனர். தனக்கு எதிராக வினைபுரியும் குறிப்பைத் தான் அறியாமலேயே ஒருவர் இருப்பது நேர்மையான பரிசீலனையாகாது என்றும், எவ்வகை மதிப்பீடாயினும் பணியாளருக்குத் தெரிவிக்கப்பட வேண்டும் என்றும் உச்சநீதிமன்றம் 2008ஆம் ஆண்டு தீர்ப்பளித்தது. அதற்குள் அவர் ஓய்வு பெற்றுவிட்டார். மதிப்பீடு உயர்த்தப்பட்டால் முன்தேதியிட்டுப் பதவி உயர்வைப் பரிசீலித்து, நிலுவையையும் கூடுதல் ஓய்வூதியத்தையும் வழங்குமாறு மட்டுமே ஆணையிட முடிந்தது. அமர வேண்டிய நாற்காலியில் அமரும் வாய்ப்பு மீளவில்லை. காலந்தாழ்ந்த நீதியின் இழப்பு எத்தகையது என்பதை இவ்வழக்கு உணர்த்துகிறது.

சென்னையில் தோன்றிய வினா

பதவி உயர்விலும் இட ஒதுக்கீடு செல்லுமா என்னும் வினா உச்சநீதிமன்றத்தை அடைந்தது சென்னையிலிருந்துதான் என்பது தமிழக மாணவர் அறியத்தக்க செய்தியாகும். தேர்வு வழியே நிரப்பப்படும் உயர்பதவிகளிலும் பட்டியல் சாதியினர், பழங்குடியினர்க்கு ஒதுக்கீடு உண்டென இரயில்வே வாரியம் 1959ஆம் ஆண்டு சுற்றறிக்கைகள் விடுத்தது. தென்னக இரயில்வேயில் பணியாற்றிய ரங்காச்சாரி என்பார் அவற்றை எதிர்த்துச் சென்னை உயர்நீதிமன்றத்தில் வென்றார். இரயில்வே பொது மேலாளர் மேல்முறையீடு செய்தார். 1961ஆம் ஆண்டில் ஐவர் அமர்வில் மூவர் சுற்றறிக்கைகள் செல்லும் என்றனர். போதிய அளவு இடம்பெறுதல் என்பது எண்ணிக்கையை மட்டுமன்றிப் பதவியின் தரத்தையும் குறிக்கும். கீழ்ப்பதவிகளில் மட்டும் இடமளித்துவிட்டு மேற்பதவிகளின் கதவை அடைப்பது பிரிவின் கருத்தாகாது என்பது நீதிபதி கஜேந்திரகட்கர் வழங்கிய பெரும்பான்மைத் தீர்ப்பின் சாரம். நீதிபதிகள் வாஞ்சூவும் இராஜகோபால அய்யங்காரும் மாறுபட்டனர்.

இதன்பின் அளவு பற்றிய வினா எழுந்தது. நிரப்பப்படாத ஒதுக்கீட்டு இடங்களை அடுத்தடுத்த ஆண்டுகளுக்குக் கொண்டுசெல்லும் விதியால், மத்தியத் தலைமைச் செயலகத்தில் ஓராண்டில் 45 இடங்களுள் 29 ஒதுக்கீட்டில் சென்றன. 1963ஆம் ஆண்டின் தேவதாசன் வழக்கில் அவ்விதி செல்லாதென நால்வர் கூற, நீதிபதி சுப்பாராவ் மட்டும் மாறுபட்டார்.

கேரளத்தின் என். எம். தாமஸ் வழக்கு இச்சிந்தனையில் ஒரு திருப்புமுனையாகும். பத்திரப்பதிவுத் துறையில் கீழ்நிலை எழுத்தர்கள் மேல்நிலை எழுத்தராகத் துறைத்தேர்வில் தேற வேண்டும். பட்டியல் சாதி, பழங்குடிப் பணியாளர்க்கு அத்தேர்வில் தேறக் கூடுதல் காலம் வழங்கப்பட்டது. அதன் விளைவாக ஓராண்டில் 51 இடங்களுள் 34 அவர்களுக்குக் கிடைத்தன. தேர்வில் தேறிய தாமஸ் வழக்குத் தொடுத்தார். 1975ஆம் ஆண்டில் எழுவர் அமர்வில் ஐவர் சலுகையை ஏற்றனர். அதுவரை 16(4)ஆம் பிரிவைச் சமன்மைக்கு விலக்காகவே கருதி வந்தனர். சமமற்ற நிலையில் உள்ளோரைச் சமநிலைக்குக் கொணர்வதும் சமன்மையின் ஒரு கூறே என்னும் புதுவிளக்கம் இவ்வழக்கில் வேரூன்றியது.

மண்டல் தீர்ப்பும் அரசியலமைப்புத் திருத்தங்களும்

மண்டல் வழக்கு என அறியப்படும் இந்திரா சஹானி வழக்கில் 1992ஆம் ஆண்டு நவம்பர் 16ஆம் நாள் ஒன்பது நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. 16(4)ஆம் பிரிவு தொடக்க நியமனத்திற்கே உரியது. பதவி உயர்வுக்குப் பொருந்தாது என்று பெரும்பான்மையர் கருதினர். ரங்காச்சாரி வழக்கின் முடிவு இதனால் மாறியது. எனினும் நடைமுறையில் இருந்த பதவி உயர்வு ஒதுக்கீடுகள் ஐந்தாண்டுகள் தொடரலாம் என அவகாசம் தரப்பட்டது.

அவ்வவகாசம் முடியுமுன் நாடாளுமன்றம் குறுக்கிட்டது. 1995ஆம் ஆண்டு ஜூன் 17ஆம் நாள் நடைமுறைக்கு வந்த 77ஆவது திருத்தம் 16(4அ) என்னும் உட்பிரிவைச் சேர்த்துப் பட்டியல் சாதியினர், பழங்குடியினர்க்குப் பதவி உயர்வில் ஒதுக்கீடு செய்ய அரசுக்கு வழிவகுத்தது. 2000ஆம் ஆண்டின் 81ஆவது திருத்தம், பின்னடைவுப் பணியிடங்களைத் தனித் தொகுதியாக்கி, அவை 50 விழுக்காட்டு உச்சவரம்பில் கணக்கிடப்படா என்றது. அதே ஆண்டின் 82ஆவது திருத்தம் பதவி உயர்வில் தகுதி மதிப்பெண்ணைத் தளர்த்த இடமளித்தது. நீதிமன்றத் தீர்ப்புகளின் விளைவை மாற்றவே இத்திருத்தங்கள் பிறந்தன.

பணிமூப்புச் சிக்கல்

இவ்வழக்குகளிலெல்லாம் மிகுந்த மனக்கசப்பை விளைவித்தது பணிமூப்புப் பற்றிய வினாவாகும். ஓர் எடுத்துக்காட்டால் இதனை விளக்கலாம். ஓர் அலுவலகத்தின் உதவியாளர் பட்டியலில் பொதுப்பிரிவினர் ஒருவர் ஐந்தாம் இடத்திலும், பட்டியல் சாதியைச் சேர்ந்த ஒருவர் இருபதாம் இடத்திலும் இருப்பதாகக் கொள்வோம். இனச்சுழற்சி முறையால் பின்னவர் முதலில் கண்காணிப்பாளராகிறார். மூன்றாண்டு கழித்து முன்னவரும் கண்காணிப்பாளராகிறார். இப்போது இவ்விருவருள் மூத்தவர் யார்? அதற்கு மேற்பட்ட பதவி காலியாகும்போது யாரை முதலில் கருதுவது?

வீர்பால் சிங் சௌகான் வழக்கு இரயில்வே கார்டுகளிடையே இவ்வாறு எழுந்ததே. பின்னர் வந்து சேர்ந்தாலும் முன்னவர் தம் பழைய மூப்பை மீளப் பெறுவார் என்னும் கருத்தை 1995ஆம் ஆண்டில் அவ்வழக்கும், 1996, 1999ஆம் ஆண்டுகளில் அஜித் சிங் வழக்குகளும் நிலைநாட்டின. இதனை 'எட்டிப்பிடிக்கும் விதி' எனலாம். ஒதுக்கீடு விரைந்த உயர்வைத் தரலாம். விரைந்த மூப்பைத் தராது என்பது இதன் உட்பொருள். மற்றொரு சாரார் வாதமும் எளிதில் தள்ளத்தக்கதன்று. ஒரு பதவியில் மூன்றாண்டு பொறுப்பேற்று உழைத்தவரின் உழைப்பை, பின்னர் வந்தவர் வந்த அன்றே இல்லாததாக்குவது முறையோ என அவர்கள் வினவினர். நாடாளுமன்றம் இவ்வாதத்தை ஏற்று 85ஆவது திருத்தத்தால், பதவி உயர்வைத் தொடர்ந்து வரும் பணிமூப்பையும் வழங்கலாம் எனச் சேர்த்தது. 2002ஆம் ஆண்டு சனவரியில் ஒப்புதல் பெற்ற அத்திருத்தம் 1995ஆம் ஆண்டு ஜூன் 17 முதல் செல்லத்தக்கதாக்கப்பட்டது.

தரவு எனும் நிபந்தனை

மேற்கண்ட திருத்தங்களே அரசியலமைப்பின் அடிப்படைக் கட்டமைப்பைச் சிதைக்கின்றன என எம். நாகராஜ் வழக்கு தொடுக்கப்பட்டது. 2006ஆம் ஆண்டு அக்டோபர் 19ஆம் நாள் ஐவர் அமர்வு ஒருமனதாகத் திருத்தங்களை ஏற்றது. ஆனால் மூன்று நிபந்தனைகளை விதித்தது. வகுப்பின் பிற்பட்ட நிலை, பதவிகளில் போதிய அளவு இடம்பெறாமை, நிருவாகத் திறன் ஆகியவற்றை அரசு ஆராய்ந்து, அளவிடத்தக்க தரவுகளைத் திரட்டிய பின்னரே ஒதுக்கீடு வழங்க வேண்டும் என்பதே அது. இதன்பின் வழக்குகளின் போக்கு மாறியது. அதிகாரம் உண்டா என்னும் வினா அடங்கி, ஆதாரம் உண்டா என்னும் வினா எழுந்தது.

உத்தரப் பிரதேசத்தின் சட்டப்பிரிவும் பணிமூப்பு விதியும் தரவின்மையால் 2012ஆம் ஆண்டில் வீழ்ந்தன. அவ்வாண்டே மாநிலங்களவையில் நிறைவேறிய 117ஆவது திருத்த முன்வரைவு மக்களவையில் நிறைவேறாமல் காலாவதியாயிற்று. கருநாடகத்தின் 2002ஆம் ஆண்டுப் பணிமூப்புச் சட்டப் பிரிவுகள் 2017ஆம் ஆண்டில் பவித்ரா வழக்கில் வீழ்ந்தன. உடனே அம்மாநில அரசு ரத்னபிரபா குழுவை அமைத்துத் தரவு திரட்டி 2018ஆம் ஆண்டில் புதிய சட்டம் இயற்றியது. 2019ஆம் ஆண்டில் இரண்டாம் பவித்ரா வழக்கில் அச்சட்டம் நிலைத்தது. நோக்கம் ஒன்றே, ஆதாரமின்றி வந்தபோது வீழ்ந்த ஏற்பாடு ஆதாரத்துடன் வந்தபோது நின்றது.

இதற்கிடையே 2018ஆம் ஆண்டின் ஜர்னைல் சிங் வழக்கு, பட்டியல் சாதியினரும் பழங்குடியினரும் பிற்பட்டோரே என்பதற்குத் தனித்தரவு வேண்டியதில்லை என நாகராஜ் தீர்ப்பைத் திருத்தியது. அவர்களுள்ளும் கிரீமிலேயர் எனப்படும் வளமான பிரிவினரை விலக்கும் கோட்பாடு பொருந்தும் என்றும் கூறியது. பதவி உயர்வில் ஒதுக்கீடு கோருவது அடிப்படை உரிமையன்று. அரசு மறுத்தால் அதை வழங்குமாறு நீதிமன்றம் ஆணையிட இயலாது என 2020ஆம் ஆண்டில் உத்தரகண்ட் வழக்கில் தீர்ப்பாயிற்று. 2022ஆம் ஆண்டு சனவரி 28ஆம் நாள் ஜர்னைல் சிங் வழக்கின் தொடர்ச்சியில், துறை முழுமைக்குமோ பல பதவிகள் அடங்கிய பிரிவுக்கோ பொதுவாகத் தரவு திரட்டுவது போதாது. கேடர் எனப்படும் ஒவ்வொரு பதவித் தொகுதிக்கும் தனித்தனியே திரட்ட வேண்டும் என்று வரையறுக்கப்பட்டது. பிரிவு வாரியான தரவை இரண்டாம் பவித்ரா தீர்ப்பு ஏற்றமை பிழை என்பதும் சுட்டப்பட்டது. கீழ்நிலையில் நிறைந்திருக்கும் எண்ணிக்கை மேல்நிலையின் வெறுமையை மறைத்துவிடும் என்பதை எண்ணினால் இவ்வரையறையின் பயன் புலப்படும். அதே ஆண்டு ஏப்ரலில் மத்திய அரசும் தன் துறைகளுக்கு இவ்வழியில் தரவு திரட்டுமாறு குறிப்பாணை விடுத்தது.

தமிழ்நாட்டு நிலை

தமிழ்நாட்டு நெடுஞ்சாலைப் பொறியியல் பணியில் உதவிக் கோட்டப் பொறியாளர்களிடையே எழுந்த பன்னீர்செல்வம் வழக்கு 2015ஆம் ஆண்டில் முடிவுற்றது. 85ஆவது திருத்தம் அரசுக்கு அதிகாரம் மட்டுமே தருகிறது. அதனைப் பயன்படுத்தி விதி வகுக்காத இடத்தில் எட்டிப்பிடிக்கும் விதியே பொருந்தும் என உச்சநீதிமன்றம் கூறியது. அதிகாரம் ஏட்டில் இருப்பதனால் மட்டும் பயனில்லை என்பது இதனால் பெறப்படும்.

தேர்வாணையத்தின் வழி நேரடியாகத் தேர்ந்தெடுக்கப்பட்டவர்களின் பணிமூப்பைத் தகுதி வரிசைப்படி அமைப்பதா, இனச்சுழற்சி வரிசைப்படி அமைப்பதா என்பது மற்றொரு சிக்கல். 2016ஆம் ஆண்டின் தமிழ்நாடு அரசுப் பணியாளர் பணி நிபந்தனைகள் சட்டம் சுழற்சி வரிசையை ஏற்றது. அதற்குரிய பிரிவுகள் சமன்மைக்கு முரணானவை எனச் சென்னை உயர்நீதிமன்றம் 2019ஆம் ஆண்டு நவம்பரில் நீக்கியது. சுழற்சி முறை இடங்களைப் பங்கிடும் கருவி. மூப்பை அளக்கும் கருவி ஆகாது என்பதே இதன் அடிப்படை.

முடிவுரை

அறுபது ஆண்டுகளுக்கு மேற்பட்ட இவ்வழக்கு வரலாற்றை நாடாளுமன்றத்திற்கும் நீதிமன்றத்திற்கும் இடையிலான இழுபறியாகக் காண்போர் உளர். கூர்ந்து நோக்கின் அதனூடே ஓர் ஒழுங்கு புலப்படும். சமூகநீதி எனும் நோக்கத்தை நீதிமன்றம் பழித்துரைக்கவில்லை. தகுதி என்னும் சொல்லை மட்டும் கேட்டு மயங்கவுமில்லை. விதி வகுத்தோரிடம் அது திரும்பத் திரும்பக் கேட்டது காரணமும் கணக்குமே. திருமணமான பெண் ஏன் விலக்கப்பட வேண்டும் என்பதற்குக் காரணம் இல்லை, அவ்விதி நில்லாதாயிற்று. 'நன்று' எனும் சொல் ஏன் மறைக்கப்பட்டது என்பதற்குக் காரணம் இல்லை, அந்நடைமுறை வீழ்ந்தது. எவர் எப்பதவியில் குறைவாக உள்ளனர் என்பதற்குக் கணக்கு இருந்தால் ஒதுக்கீடு நிற்கிறது; இல்லையேல் வீழ்கிறது.

கணக்கு எடுக்காமையின் இழப்பு இரு சாராரையும் சேரும். பட்டியல் நீதிமன்றத்தில் தேங்கிக் கிடக்கும் ஆண்டுகளில், உயர்பதவியைக் காணாமலே ஓய்வுபெறுவோர் ஒதுக்கீட்டுப் பிரிவிலும் உளர், பொதுப்பிரிவிலும் உளர். ஆகவே விதி வகுக்கும் முன் தரவு திரட்டுவதும், விதியிலேயே காரணத்தைப் பதிவு செய்வதும், பணிமூப்பைத் தெளிவுறச் சொல்வதும் அரசின் கடமைகளாகும்.

இம்மலரைப் படிக்கும் மாணவருள் பலர் நாளை தேர்வெழுதி அரசுப்பணியில் அமரக்கூடும். அவருள் சிலர் பட்டியலில் தம் பெயரைத் தேடுவோராகவும், சிலர் அப்பட்டியலைத் தயாரிப்போராகவும் விளங்குவர். முன்னவர்க்குத் தம் உரிமை எதுவரை என்னும் தெளிவும், பின்னவர்க்குத் தாம் எழுதும் ஒவ்வோர் எண்ணுக்கும் காரணம் காட்ட வேண்டும் என்னும் பொறுப்புணர்வும் வாய்க்குமாயின் சமன்மை நெறி ஏட்டளவில் நில்லாது அலுவலகத்திலும் வாழும்.